மதம் கடந்த திருமணம்: சட்டம் தரும் காவலும் அது நின்றுவிடும் இடமும்

சித்தூர்/திருப்பதி: பட்டியலினத்தைச் சேர்ந்த இந்து இளைஞரை மணந்த முஸ்லிம் இளம்பெண் ஒருவர், 2025 ஏப்ரலில் ஆந்திர மாநிலம் சித்தூரில் உள்ள தம் பெற்றோர் வீட்டில் உயிரிழந்தார். இருவரும் சட்டப்படி வயது வந்தவர்கள். திருமணம் முடிந்ததும் திருப்பதியில் காவல்துறையை அணுகிப் பாதுகாப்புக் கோரியிருந்தனர். தந்தைக்கு உடல்நலமில்லை என்று பிறந்த வீட்டார் அழைத்ததால் சென்ற பெண் உயிருடன் திரும்பவில்லை என்பது கணவர் தரப்பின் புகார். அது தற்கொலை என்றது பெண் வீட்டார் தரப்பு. ஆணவக் கொலை என்றது கணவர் தரப்பு.

அந்த மரணம் எப்படி நிகழ்ந்தது என்பதை முடிவு செய்ய வேண்டியவை புலனாய்வும் நீதிமன்றமும். அதற்கு அப்பால் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. அந்த இணையர் சட்டம் காட்டும் வழியில்தான் சென்றனர். ஒளிந்து வாழவில்லை, காவல்துறையிடம் முறையிட்டனர். ஆபத்து அதற்குப் பின்னரே வந்தது. மதம் கடந்த திருமணங்களில் நீதிமன்றங்கள் கடந்த இருபது ஆண்டுகளில் அளித்துள்ள தீர்ப்புகள் எவ்வளவு தெளிவானவையோ, அவை நடைமுறைக்கு வரும் பாதை அவ்வளவு கரடுமுரடானது.

வயது வந்தவரின் விருப்பம்

அரசமைப்புச் சட்டத்தின் 21ஆவது பிரிவு உயிருக்கும் தனிமனிதச் சுதந்திரத்துக்கும் உறுதியளிக்கிறது. 25ஆவது பிரிவு மனச்சான்றின் சுதந்திரத்துக்கு உறுதியளிக்கிறது. வாழ்க்கைத் துணையைத் தேர்ந்தெடுப்பது இவ்விரு உரிமைகளுக்குள்ளும் அடங்கும் என்பது இன்று நிலைபெற்ற சட்டம். 2006இல் லதா சிங் வழக்கில், வயது வந்த ஒருவர் தாம் விரும்பியவரை மணக்கலாம், அது பிடிக்காத பெற்றோர் உறவை முறித்துக்கொள்ளலாமே தவிர மிரட்டவோ துன்புறுத்தவோ முடியாது என்று உச்ச நீதிமன்றம் கூறியது. அது சாதி கடந்த திருமணம் தொடர்பான வழக்கு என்றாலும், அதன் தர்க்கம் மதம் கடந்த திருமணங்களுக்கும் பொருந்துவதாகவே பின்னர் வந்த அமர்வுகள் எடுத்துக்கொண்டன. 2017 ஆகஸ்ட் 24 அன்று ஒன்பது நீதிபதிகள் அமர்வு அந்தரங்க உரிமையை அடிப்படை உரிமையாக அறிவித்தபோது இந்த நிலைப்பாடு மேலும் வலுப்பெற்றது.

எனினும் இந்த விஷயத்தில் அதிகம் பேசப்பட்டது கேரளத்தின் ஹாதியா வழக்கு. தமிழகத்துக்கும் அதில் ஒரு பங்கு உண்டு. அந்தப் பெண் சேலத்தில் ஹோமியோபதி மருத்துவம் படித்தவர். இந்துக் குடும்பத்தில் பிறந்து இஸ்லாத்தைத் தழுவிய அவரைத் தேடித் தந்தை கேரள உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு தாக்கல் செய்தார். 2016 ஜனவரியில் முதல் மனு முடித்துவைக்கப்பட்டது; தம் விருப்பப்படி தங்க அவருக்கு அனுமதி கிடைத்தது. அதே ஆண்டு ஆகஸ்டில் தந்தை மீண்டும் மனு செய்தார். அது நிலுவையில் இருந்தபோதே, 2016 டிசம்பரில் அவர் ஒரு முஸ்லிம் இளைஞரை மணந்தார்.

2017 மே 24 அன்று உயர் நீதிமன்றம் அந்தத் திருமணத்தையே செல்லாதென அறிவித்து, 24 வயதான அவரைப் பெற்றோரின் பொறுப்பில் ஒப்படைத்தது. அந்த வயதில் ஒரு பெண் எளிதில் பிறர் வசப்படக்கூடியவள், திருமணம் போன்ற முடிவில் பெற்றோரின் பங்கேற்பு வேண்டும் என்பது தீர்ப்பின் சாரம். ஒரு மருத்துவ மாணவியை, அவரே எதிர்த்துச் சொன்ன பின்னும், தன்னைத் தானே காத்துக்கொள்ள இயலாதவராக ஒரு நீதிமன்றம் கருதியது என்பதைச் சட்ட மாணவர்கள் இன்றும் வியப்புடன் படிக்கின்றனர். அதன் பின் பல மாதங்கள் அவர் பெற்றோர் வீட்டில் காவல்துறைக் கண்காணிப்பில் இருந்தார்.

கணவர் உச்ச நீதிமன்றத்தை நாடினார். முதலில் அங்கும் வழக்கு வேறு திசையில் சென்றது. 2017 ஆகஸ்டில் தேசியப் புலனாய்வு முகமை விசாரிக்க உத்தரவிடப்பட்டது. 2017 நவம்பர் 27 அன்றுதான் நீதிபதிகள் அந்தப் பெண்ணை நேரில் அழைத்து, திறந்த நீதிமன்றத்தில் அவர் சொல்வதைக் கேட்டனர். தமக்குச் சுதந்திரம் வேண்டும் என்றார் அவர். படிப்பை முடிக்கச் சேலத்துக்கு அனுப்பப்பட்டார். 2018 மார்ச் 8 அன்று தலைமை நீதிபதி தீபக் மிஸ்ரா, நீதிபதிகள் ஏ.எம். கான்வில்கர், டி.ஒய். சந்திரசூட் அடங்கிய அமர்வு உயர் நீதிமன்றத் தீர்ப்பை ரத்து செய்தது. அதற்கான விரிவான காரணங்கள் ஏப்ரல் 9 அன்று வெளியாயின.

அந்தக் காரணங்களில் இரண்டு இன்றும் அன்றாட வழக்குகளில் பயன்படுகின்றன. ஒருவர் சட்டவிரோதமாக அடைத்துவைக்கப்பட்டுள்ளாரா என்று பார்ப்பது மட்டுமே ஆட்கொணர்வு மனுவின் வேலை. அதைக் கொண்டு ஒரு திருமணத்தை ரத்து செய்ய முடியாது என்பது முதலாவது. சிறார், மனநலம் குன்றியோர் போன்ற, தாமாக முடிவெடுக்க இயலாதவர்களுக்காக நீதிமன்றம் காப்பாளராக நிற்கலாம். வயது வந்த, தெளிந்த மனமுடைய ஒருவருக்கு அந்தக் காப்பாளர் தேவையில்லை என்பது இரண்டாவது. அந்தப் பெண் தம் வாழ்வின் ஏறத்தாழ ஓராண்டை இழந்த பிறகே இவ்வளவும் சொல்லப்பட்டது.

மணமகனுக்கு 21 வயது நிரம்பாவிட்டாலும் வயது வந்த பெண் தாம் விரும்பியவருடன் வாழத் தடையில்லை என்று, 2018 ஏப்ரலில் மற்றொரு கேரள வழக்கில் அதே நீதிமன்றம் தெளிவுபடுத்தியது. பெண்ணுக்கு 18 வயது நிரம்பாவிட்டால் நிலைமை முற்றிலும் வேறு. அங்கு விருப்பம் எடுபடாது. குழந்தைத் திருமணத் தடைச் சட்டமும் போக்சோ சட்டமும் குறுக்கே வரும்.

தாலியா, நிக்காவா, பதிவா?

தமிழகத்திலிருந்தும் கர்நாடகத்திலிருந்தும் திருப்பதிக்கு வந்து கோயிலில் தாலி கட்டிக்கொள்ளும் வழக்கம் பழையது. இருவரும் இந்துக்கள் என்றால் அதில் சிக்கலில்லை. ஒருவர் வேறு மதத்தவர் என்றால், அந்தத் தாலி சட்டத்தின் கண்ணில் திருமணத்தை உண்டாக்காது. இந்துத் திருமணச் சட்டம் 1955இன் கீழ் மணமக்கள் இருவரும் இந்துக்களாக இருக்க வேண்டும். பௌத்தர், சமணர், சீக்கியர் ஆகியோரும் இதில் அடங்குவர்.

இதற்குச் சான்றாக ஆந்திர மாநிலத்தின் வழக்கு ஒன்றே உள்ளது. 1996இல் கிறிஸ்தவ ஆண் ஒருவரும் இந்துப் பெண் ஒருவரும் கோயிலில் தாலி கட்டி மணந்து, இந்துத் திருமணச் சட்டத்தின் கீழ்ப் பதிவும் செய்தனர். சில மாதங்களில் அந்தப் பெண், கணவர் தம்மை இந்து என்று கூறி ஏமாற்றியதாக வழக்குத் தொடுத்தார். குடும்ப நீதிமன்றம் மனுவைத் தள்ளுபடி செய்தது. ஆந்திர உயர் நீதிமன்றம் திருமணம் செல்லாது என்றது. 2008 டிசம்பரில் உச்ச நீதிமன்றமும் அதையே உறுதி செய்தது. பதிவுச் சான்றிதழ் கையில் இருந்தும் திருமணம் இல்லையென்றானது. கலப்பு மணம் செய்வோர் பலர் இன்றும் இந்தப் பிழையைச் செய்கின்றனர். தமிழகத்தில் 1967ஆம் ஆண்டுத் திருத்தத்தால் வந்த சுயமரியாதைத் திருமணப் பிரிவும், 7ஏ, இந்துக்கள் இருவருக்கு மட்டுமே உரியது என்பது குறிப்பிடத்தக்கது.

முஸ்லிம் தனிச்சட்டத்தில் நிலை வேறு. முஸ்லிம் ஆண் இந்துப் பெண்ணை நிக்கா செய்தால் அது செல்லாத திருமணம் அல்ல, முறை தவறிய திருமணம். அதில் பிறந்த குழந்தைகள் சட்டப்படியான குழந்தைகளே, தந்தையின் சொத்தில் அவர்களுக்குப் பங்குண்டு என்று 2019 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 1872ஆம் ஆண்டின் இந்தியக் கிறிஸ்தவத் திருமணச் சட்டம், மணமக்களில் ஒருவர் கிறிஸ்தவராக இருந்தாலே திருமணத்தை ஏற்கிறது.

இருவரும் தத்தம் மதத்திலேயே இருந்தபடி மணக்க உள்ள நேர்வழி, 1954ஆம் ஆண்டின் சிறப்புத் திருமணச் சட்டம். ஆனால் அந்த வழியில் நீண்ட காத்திருப்பு உண்டு. இருவரில் ஒருவராவது 30 நாள்கள் வசித்த எல்லைக்குட்பட்ட திருமண அலுவலரிடம் அறிவிப்புத் தர வேண்டும். அந்த அறிவிப்பு அலுவலகத்தில் பகிரங்கமாக ஒட்டப்படும். 30 நாள்களுக்குள் எவரும் ஆட்சேபம் தெரிவிக்கலாம். அதன் பிறகே மூன்று சாட்சிகள் முன்னிலையில் திருமணம்.

இதில் பலர் அறியாத ஒரு கூறு உள்ளது. மணமக்களில் ஒருவரின் நிலையான முகவரி வேறொரு அலுவலரின் எல்லைக்குள் இருந்தால், அறிவிப்பின் படி அந்த ஊர் அலுவலருக்கும் அனுப்பப்பட்டு அங்கும் ஒட்டப்படும். சித்தூரில் எதிர்ப்பு இருக்கிறதென்று திருப்பதிக்கோ வேலூருக்கோ சென்று 30 நாள்கள் தங்கி அறிவிப்புக் கொடுத்தாலும், அந்தத் தாள் சித்தூருக்கே திரும்பி வரும். யாரிடமிருந்து விலகி வந்தார்களோ அவர்கள் கண்ணில் படும்படி முகவரியுடன் ஒட்டப்படும்.

ஆட்சேபம் எதைப் பற்றி இருக்கலாம் என்பதற்குச் சட்டம் எல்லை வகுத்துள்ளது. ஏற்கெனவே உயிருடன் இருக்கும் துணை, வயதுக் குறைவு, சம்மதம் தரும் மனநிலை இல்லாமை, விலக்கப்பட்ட உறவுமுறை ஆகியவை மட்டுமே காரணங்கள். மதம் வேறு, பெற்றோருக்குச் சம்மதமில்லை என்பவை காரணங்களாகா. அலுவலர் 30 நாள்களுக்குள் விசாரித்து முடிவு சொல்ல வேண்டும். அவர் மறுத்தால் மாவட்ட நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்யலாம். அலகாபாத் உயர் நீதிமன்றம் 2021 ஜனவரியில், அறிவிப்பைப் பகிரங்கப்படுத்துவதா வேண்டாமா என்பது மணமக்களின் விருப்பம் என்று தீர்ப்பளித்தது. ஆனால் அதனால் சட்டத்தின் வாசகம் மாறிவிடவில்லை.

இச்சட்டத்தின்படி மணக்கும் இந்து, கூட்டுக்குடும்பத்திலிருந்து பிரிந்தவராகக் கருதப்படுவார் (பிரிவு 19). இருவேறு மதத்தவரின் சொத்துரிமை இந்திய வாரிசுரிமைச் சட்டம் 1925இன்படி அமையும். குடும்ப நிலத்தில் பங்கு எதிர்பார்ப்பவர்கள் கையெழுத்திடும் முன்பே இதை அறிந்திருப்பது நல்லது.

மதம் மாறி மணந்தால்

30 நாள் காத்திருப்பைத் தவிர்க்கவே பலர் மதம் மாறி மணக்கின்றனர். மாற்றத்துக்குச் சடங்கு கட்டாயமா? தென் தமிழகத்தைச் சேர்ந்த ஒரு திருமணத்தில், கிறிஸ்தவக் குடும்பத்துப் பெண் இந்துவானாரா என்ற கேள்வி உச்ச நீதிமன்றம் வரை சென்றது. தூய்மைச் சடங்கு ஏதும் தேவையில்லை, உண்மையான நோக்கமும் அதை ஐயமற வெளிப்படுத்தும் நடத்தையும் போதும் என்று 1970இல் நீதிமன்றம் சொன்னது. நோக்கம் உண்மையாக இருக்க வேண்டும் என்பது இதன் மறுபக்கம். முதல் மனைவி இருக்க, இரண்டாவது திருமணத்துக்காகவே இஸ்லாத்துக்கு மாறிய ஆண்களின் அந்தத் திருமணம் செல்லாது என்று சரளா முத்கல் (1995), லில்லி தாமஸ் (2000) வழக்குகளில் தீர்ப்பானது.

பட்டியலினத்தவருக்கு மதமாற்றத்தின் விலை மிக அதிகம். 1950ஆம் ஆண்டின் பட்டியல் சாதிகள் ஆணைப்படி இந்து, சீக்கியர், பௌத்தர் ஆகியோர் மட்டுமே அப்பட்டியலில் இடம்பெற முடியும். கிறிஸ்தவத்துக்கோ இஸ்லாத்துக்கோ மாறினால் இடஒதுக்கீடு போகும். அதோடு முடிவதில்லை. மதம் மாறியவர் வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் கீழ்ப் புகார் அளிக்க முடியாது என்று ஆந்திரப் பிரதேச உயர் நீதிமன்றம் 2025 ஏப்ரல் 30 அன்று, குண்டூர் பகுதியைச் சேர்ந்த பாதிரியார் ஒருவரின் வழக்கில் தீர்ப்பளித்தது. சித்தூர் நிகழ்வோடு இதைச் சேர்த்துப் பார்த்தால் பொருள் விளங்கும். முஸ்லிம் பெண்ணை மணக்க மதம் மாறும் தலித் இளைஞர், தமக்கு மிரட்டல் வரக்கூடிய அதே நேரத்தில் தம்மைக் காக்கும் மிக வலிமையான சட்டத்தை இழக்கிறார்.

திரும்பி வருவோருக்கு வழி உண்டு. சித்தூரை ஒட்டிய கோலார் தங்கவயல் தனித் தொகுதியில் இருமுறை எழுந்த தேர்தல் வழக்கு இதற்கு முன்னோடி. கிறிஸ்தவத்துக்குச் சென்று திரும்பிய ஆதிதிராவிடர் சமூக வேட்பாளர் ஒருவரின் வெற்றி முதலில் 1968இல் செல்லாதென்றாகி, அடுத்த தேர்தலில் பெற்ற வெற்றி 1975இல் செல்லுமென்றானது. சமூகம் மீண்டும் ஏற்றுக்கொண்டால் பழைய சாதியும் திரும்பும் என்பது அங்கு நிலைநாட்டப்பட்டது.

மதம் மாறியதாலேயே ஒருவர் தம் வாரிசுரிமையை இழப்பதில்லை; 1850ஆம் ஆண்டின் சட்டமே அதைக் காக்கிறது. ஆனால் மாற்றத்துக்குப் பின் பிறக்கும் பிள்ளைகள் இந்து உறவினரின் சொத்துக்கு வாரிசாக முடியாது என்கிறது இந்து வாரிசுரிமைச் சட்டத்தின் 26ஆவது பிரிவு. துணைவர் மதம் மாறுவது இந்துத் திருமணச் சட்டத்தில் விவாகரத்துக்கான ஒரு காரணம்.

ஆந்திரத்தில் தடைச் சட்டம் உண்டா?

ஒடிசா (1967), மத்தியப் பிரதேசம் (1968) ஆகியவை இயற்றிய மதமாற்றத் தடைச் சட்டங்கள் செல்லும் என்று 1977இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 2020க்குப் பின் வந்த உத்தரப் பிரதேசம், குஜராத் போன்ற மாநிலச் சட்டங்கள் திருமணத்தையும் நேரடியாகத் தொடுகின்றன. குஜராத் சட்டத்தின் அத்தகைய பிரிவுகளுக்கு அம்மாநில உயர் நீதிமன்றம் 2021 ஆகஸ்டில் இடைக்காலத் தடை விதித்தது. தமிழகம் 2002இல் கொண்டுவந்த சட்டம் 2004 மக்களவைத் தேர்தலுக்குப் பின் கைவிடப்பட்டது. கர்நாடகத்தின் 2022ஆம் ஆண்டுச் சட்டத்தை ரத்து செய்ய அம்மாநில அமைச்சரவை 2023 ஜூனில் முடிவெடுத்தது.

ஆந்திரத்தில் திருமணத்தோடு தொடர்புடைய மதமாற்றத் தடைச் சட்டம் இல்லை. திருமலையை முன்னிட்டுப் பேசப்படும் 2007ஆம் ஆண்டுச் சட்டம், அறிவிக்கப்பட்ட வழிபாட்டுத் தலங்களில் பிற மதப் பிரசாரத்தைத் தடுப்பது. அதை யாருடைய திருமணத்துக்கும் எதிராகப் பயன்படுத்த இயலாது. ஆனால் 2024 ஜூலை முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நியாய சன்ஹிதாவின் 69ஆவது பிரிவு நாடு முழுவதற்கும் பொருந்தும். அடையாளத்தை மறைத்துத் திருமணம் செய்து உறவு கொள்வது அதன்படி குற்றம்.

காவல் நிலையத்தில் நடப்பது

பெரும்பாலான வழக்குகள் 'பெண்ணைக் காணவில்லை' என்ற புகாரில்தான் தொடங்குகின்றன. கண்டுபிடிக்கப்பட்ட பெண் வயது வந்தவர் என்றால், குற்றவியல் நடுவர் முன் அவர் வாக்குமூலம் அளிக்கலாம் (பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா, பிரிவு 183). தம் விருப்பத்தின்பேரில் சென்றதாக அவர் சொன்னால், யாரிடமும் அவரை 'ஒப்படைக்க' எவருக்கும் அதிகாரமில்லை. வயதுக்குப் பள்ளிச் சான்றிதழே நம்பகமான ஆவணம். ஆதார் அட்டை பிறந்த தேதிக்குச் சான்றாகாது என்று 2024 அக்டோபரில் ஒரு விபத்து இழப்பீட்டு வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியதை வழக்கறிஞர்கள் இங்கும் சுட்டுகின்றனர்.

கர்நாடகத்தைச் சேர்ந்த ஒரு பெண், மணந்து வெளியூர் சென்ற பின் திருமணச் சான்றையும் காவல்துறைக்கு அனுப்பிவைத்தார். அப்படியும் நேரில் வந்து வாக்குமூலம் தர வேண்டும், இல்லையேல் கணவர் மீது கடத்தல் வழக்குப் பாயும் என்று விசாரணை அதிகாரி மிரட்டினார். 2021 பிப்ரவரியில் அந்த அதிகாரியைக் கண்டித்த உச்ச நீதிமன்றம், இத்தகைய வழக்குகளைக் கையாளக் காவல்துறைக்கு வழிகாட்டுதலும் பயிற்சியும் தேவை என்றது. 2024 மார்ச் 11 அன்று உயர் நீதிமன்றங்களுக்கே வழிகாட்டுதல் தரப்பட்டது: மனுவில் குறிப்பிடப்படும் நபரிடம் நீதிபதி நேரடியாக, தனியாகப் பேச வேண்டும், மனத்தை மாற்றும் நோக்கில் ஆலோசனைக்கு அனுப்பக் கூடாது, மிரட்டல் நிரூபிக்கப்படும் வரை காத்திராமல் இடைக்காலப் பாதுகாப்பு அளிக்க வேண்டும்.

சித்தூர், திருப்பதி மாவட்டங்களுக்கு உயர் நீதிமன்றம் அமராவதியில் உள்ளது. திருப்பதியிலிருந்து ஏறத்தாழ 400 கிலோமீட்டர். அதில் பாதித் தொலைவுகூட இல்லாத சென்னைக்கு அதிகார வரம்பு இல்லை. எனவே நடைமுறையில் பெரும்பாலானவை உள்ளூர்க் காவல் நிலையத்தின் சமரசப் பேச்சிலேயே முடிகின்றன. இரு வீட்டாரும் அழைக்கப்படுவர், அறிவுரை சொல்லப்படும், எழுதி வாங்கப்படும். அதன் பின் வரும் தொலைபேசி அழைப்பை யாரும் கண்காணிப்பதில்லை. அம்மா அழுகிறாள், அப்பாவுக்கு முடியவில்லை என்ற அழைப்பு உண்மையாகவும் இருக்கலாம் என்பதுதான் இதில் கொடுமை.

இந்த இடைவெளிக்காகவே 2018 மார்ச் 27 அன்று சக்தி வாஹினி வழக்கில் உச்ச நீதிமன்றம் விரிவான கட்டளைகளைப் பிறப்பித்தது. ஒவ்வொரு மாவட்டத்திலும் 24 மணி நேர உதவி எண்ணுடன் சிறப்புப் பிரிவு, கலப்பு மண இணையருக்குப் பாதுகாப்பு இல்லம், மிரட்டல் புகாரைக் கூடுதல் எஸ்.பி. நிலை அதிகாரி ஒரு வாரத்துக்குள் விசாரித்து எஸ்.பி.யிடம் அறிக்கை தருதல் ஆகியவை அவற்றில் அடங்கும். பாதுகாப்பு இல்லத்தில் முதலில் ஒரு மாதமும், ஆபத்தின் அளவைப் பொறுத்து மாதந்தோறும் நீட்டித்து அதிகபட்சம் ஓராண்டும் தங்கலாம். கடமை தவறும் அதிகாரிகள் மீது துறை நடவடிக்கை எடுக்கவும் அதில் இடமுண்டு. காவல்துறையிடம் மனு அளிக்கும் இணையர், பொதுவாகப் 'பாதுகாப்பு வேண்டும்' என்று எழுதாமல், இந்தத் தீர்ப்பைக் குறிப்பிட்டுப் பாதுகாப்பு இல்லத்தையும் எழுத்துபூர்வமான ஆபத்து மதிப்பீட்டையும் கோரலாம். மனுவின் படியை மாவட்ட ஆட்சியருக்கும் அனுப்பலாம்.

பெண்களுக்கும் பட்டியலினத்தவருக்கும் வருமான வரம்பின்றி இலவச வழக்கறிஞர் பெறும் உரிமையைச் சட்டப் பணிகள் ஆணையங்கள் சட்டம் 1987 (பிரிவு 12) அளிக்கிறது. இதற்கான தேசிய உதவி எண் 15100, பெண்களுக்கான உதவி எண் 181, அவசர அழைப்பு 112. பிறந்த வீட்டுக்குச் சென்று வர விரும்பும் பெண், காவல்துறைத் துணை கோரி முன்கூட்டியே மனு அளிக்கலாம். திரும்பி வராவிட்டால், கணவர் அன்றே உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு தாக்கல் செய்யலாம்.